யெப்தாவின் மகள் சொன்ன சம்மதம்

சேவூர்,
18-1-1982

அன்புள்ள அண்ணா,

தேவகி எழுதுகிறேன். நைனா தூங்கிவிட்டார். அடுப்பங்கரையில் உட்கார்ந்து, விளக்கைத் தணித்து வைத்துக்கொண்டு எழுதுகிறேன். எழுத்து கோணலாக இருக்கும்.

கிறிஸ்துமஸ் அன்று நீ சண்டை போட்டுவிட்டுப் போனதிலிருந்து இந்த வீட்டில் உன் பெயரை யாரும் சொல்வதில்லை. நைனாவின் காசநோயைக் குணமாக்கியது ஆஸ்பத்திரி ஊசிதான், போதகர் தணிகாசலம் தடவிய எண்ணெய் இல்லை என்று நீ சொன்னது சரியாகவே இருக்கலாம். ஆனால் சொல்லிவிட்டு நீ பெங்களூருக்குப் போய்விட்டாய். நான் இங்கே இருக்கிறேன்.

போன ஞாயிற்றுக்கிழமை தேசூரில் போதகரின் ஜெபவீட்டில் நைனா சாட்சி சொல்ல எழுந்து நின்றார். ரத்தம் கக்கிக்கொண்டிருந்தபோது ஒரு பொருத்தனை செய்தாராம். பிழைத்தால் மகளை ஆண்டவருக்கே கொடுத்துவிடுவதாக. எல்லோரும் திரும்பிப் பார்த்து அல்லேலூயா என்றார்கள். யாரைப் பார்க்கிறார்கள் என்று நானும் திரும்பிப் பார்த்தேன். பின்னால் சுவர்தான் இருந்தது.

கொடுப்பது என்றால் அந்த ஜெபவீட்டிலேயே கடைசிவரை இருக்க வேண்டும். வெள்ளைப் புடவை. படிப்பு கிடையாது, கல்யாணம் கிடையாது. பேய் பிடித்தது என்று கொண்டுவந்து சங்கிலியில் கட்டிப்போடுகிறவர்களுக்குக் கஞ்சி ஊற்ற வேண்டும். ஏற்கெனவே இரண்டு அக்காக்கள் அங்கே இருக்கிறார்கள். அவர்கள் வாசலைத் தாண்டி வெளியே வந்து நான் பார்த்ததில்லை. பிப்ரவரியில் நடக்கும் உபவாசக் கூட்டத்தில் என்னை ஒப்புக்கொடுப்பதாகச் சொல்லிவிட்டார்கள். எனக்குப் பத்தாம் வகுப்புப் பரீட்சை மார்ச் கடைசியில்.

பொன்னம்மா அத்தை வந்து கத்தினாள். "ஏண்டா சடையா, நம்ம அப்பன் படுத்துக்கினு கெடந்தப்ப என்ன அம்மனுக்கு வுட்டான். நீ படுத்துக்கினு கெடந்தப்ப உன் பொண்ண ஏசுவுக்கு வுட்டுட்ட. இன்னாடா மாறிச்சு?" என்றாள்.

"அது பிசாசு. இது ஜீவனுள்ள தேவன்," என்றார் நைனா.

"எதுவா இருந்தா இன்னா? படுத்துக்கினு வேண்டிக்கிறவன் ஆம்பள, போறவ பொட்டச்சி."

அத்தைக்கு எட்டு வயதில் பொட்டு கட்டினார்கள், அவள் பட்ட பாட்டைப் பார்த்துத்தான் நைனா வேதத்துக்கு வந்தார் என்று நீதான் எனக்குச் சொன்னாய். அதை நைனா மறந்துவிட்டாரா என்று தெரியவில்லை. கேட்கப் பயமாக இருக்கிறது.

நீ போதகர் படிப்பில் எபிரெய மொழியிலேயே வேதம் படிக்கிறாய். செய்த பொருத்தனையை அவிழ்க்க அதில் ஏதாவது வழி இருக்கிறதா? பதிலை அத்தை பெயருக்குப் போடு. சீக்கிரம் போடு.

தேவகி


பெங்களூர்,
25-1-1982

அன்புள்ள தேவகி,

உன் கடிதம் கிடைத்தது. முதலில், பயப்படாதே. நைனா செய்திருப்பது வேதத்திலேயே தவறு என்று காட்டப்பட்ட காரியம்.

நியாயாதிபதிகள் புத்தகத்தில் யெப்தாவின் கதையைப் படி. சண்டையில் ஜெயித்துத் திரும்பினால், தன் வீட்டு வாசலிலிருந்து எதிரே வருவதைக் கர்த்தருக்குப் பலியாகக் கொடுப்பேன் என்று அவன் பொருத்தனை செய்தான். எதிரே வந்தவள் அவனுடைய ஒரே மகள், ஆடிக்கொண்டும் தம்புரு வாசித்துக்கொண்டும் வந்தாள்.

ஆதிச் சபையின் பிதாக்களில் பலர் அவள் பலியாகவே இறந்தாள் என்று எடுத்துக்கொண்டார்கள், தகப்பன் செய்தது பிழை என்றும் எழுதினார்கள். பின்னால் வந்த யூத ஆசிரியர்கள் சிலர், அவள் சாகவில்லை, கல்யாணம் இல்லாமல் ஒரு வீட்டில் தனியே வைக்கப்பட்டாள் என்றார்கள். அந்த விளக்கத்தைக் கிறிஸ்தவர்களிலும் பலர் பிறகு ஏற்றுக்கொண்டார்கள். ஆனால் அதற்கெல்லாம் வெகுகாலம் முந்திய ரபீக்கள், அதாவது பழைய யூத வேத ஆசிரியர்கள், அவனை மன்னிக்கவே இல்லை. வாசலில் நாய் வந்திருந்தால் நாயைக் கொடுத்திருப்பானா என்று கேட்டார்கள். இப்படி ஒன்றைத் தேவன் கேட்கவும் இல்லை, நினைக்கவும் இல்லை என்றார்கள். அந்தப் பொருத்தனை செல்லவே செல்லாது என்பது அவர்கள் தீர்ப்பு.

அவர்கள் சொல்லும் கதை ஒன்றில் அந்தப் பெண்ணே தகப்பனோடு வாதாடுகிறாள். "யாக்கோபு தனக்குக் கிடைப்பதிலெல்லாம் பத்தில் ஒரு பங்கு தருவதாகப் பொருத்தனை செய்தாரே, பன்னிரண்டு பிள்ளைகளில் ஒருவனையாவது பலியிட்டாரா?" என்று கேட்கிறாள். நல்ல கேள்வி. நைனாவிடம் இதை நீ பொறுமையாக எடுத்துச் சொல். வேதத்திலிருந்து சொன்னால் கேட்பார்.

நான் சொன்னால் கேட்கமாட்டார். உனக்குத் தெரியும்.

அன்புடன்,
ஜெயவேல்


சேவூர்,
4-2-1982

அன்புள்ள அண்ணா,

சொன்னேன். நைனா தறியில் உட்கார்ந்திருக்கும் நேரம் பார்த்துச் சொன்னேன். கால் தறியின் குழிக்குள் இருக்கும், சட்டென்று எழுந்து அடிக்க முடியாது என்று நினைத்தேன்.

யாக்கோபைப் பற்றிய கேள்வியைக் கேட்டதும் தறி நின்றது. "யார் சொன்னது?" என்றார். யூதப் பெரியவர்கள் சொன்னது என்றேன். உன் பெயரைச் சொல்லவில்லை.

"ஏசுவ சிலுவைல அடிச்சவனுங்க பேச்சு என் வூட்ல எதுக்கு?"

"ஏசுவே யூதர்தானே நைனா."

குழியிலிருந்து அவ்வளவு வேகமாக ஏறி வருவார் என்று நான் நினைக்கவில்லை. கன்னம் இன்னும் வீங்கியிருக்கிறது. பள்ளிக்கூடத்தில் பல்வலி என்று சொன்னேன்.

அடித்த பிறகு நைனாவுக்கு மூச்சு வாங்கியது. தரையில் உட்கார்ந்துகொண்டு மெதுவாகத்தான் பேசினார். "நான் உன்ன வெட்டவா போறேன்? அன்னாள் சாமுவேல பெத்து ஆலயத்துல கொண்டாந்து வுடல? பால் மறந்த புள்ள அது. நீ பெரிய பொண்ணு. அந்தத் தாய் வுட்டா புண்ணியம், இந்தச் சடையன் வுட்டா பாவமா?" என்றார்.

அதற்கு உன் ரபீக்கள் பதில் எழுதியிருக்கிறார்களா அண்ணா?

நான் வேறொன்று கேட்டேன். நீ சொன்ன அதிகாரத்தை நான் நாலு தரம் படித்திருந்தேன். அதில் அந்தப் பெண் இரண்டு மாதம் தவணை கேட்கிறாள், தோழிகளோடு மலைக்குப் போய் அழுவதற்கு. "அவ நைனா குடுத்தாரு. எனக்கும் ரெண்டு மாசம் குடு," என்றேன்.

நைனா வேதத்தை எடுத்துவந்தார். நாற்பது வயதுக்குமேல் எழுத்துக் கற்றவர் அல்லவா, விரலை வைத்து வைத்துப் படித்தார். வெகுநேரம் ஆயிற்று. பிறகு "இருக்குது," என்றார். தேசூருக்குப் போய்ப் போதகரிடமும் சொல்லிவிட்டு வந்தார். வேதத்தில் இருப்பதால் போதகராலும் ஒன்றும் சொல்ல முடியவில்லையாம்.

ஏப்ரல் மூன்றாம் தேதி வரை நான் இங்கே இருக்கலாம். அதற்குள் பரீட்சை முடிந்துவிடும். மலைக்குப் போகவில்லை, ஆரணிக்குத்தான் போகிறேன், பள்ளிக்கூடத்துக்கு.

பரீட்சை எழுதியபின் என்ன என்று எனக்குத் தெரியாது. அதை நீதான் யோசிக்க வேண்டும்.

தேவகி


பெங்களூர்,
16-2-1982

அன்புள்ள தேவகி,

கெட்டிக்காரி! உன் கடிதத்தை இரண்டுமுறை படித்தேன். இரண்டு மாதத்தை அப்படி வாங்குவது எங்கள் வகுப்பில் ஒருவருக்கும் தோன்றியிருக்காது.

உன் கன்னத்தைப் பற்றி எழுதியதைப் படித்தபோது எனக்குக் கோபம் வந்தது. கோபத்தில் எதையும் எழுதிவிடக் கூடாது என்று பத்து நாள் தள்ளிப்போட்டேன்.

அன்னாள் பற்றி நைனா சொன்னதில் நியாயம் உண்டு. ஆனால் சாமுவேல் பிறக்குமுன் செய்த பொருத்தனை அது. அவளே பெற்று, அவளே வளர்த்து விட்டாள். தன் உயிருக்குப் பதிலாகக் கொடுக்கவில்லை. இதை நைனாவிடம் சொல்லிப் பார்.

எங்கள் எபிரெய ஆசிரியர் போன வாரம் இன்னொரு பழைய யூதக் கதை சொன்னார். அந்தப் பொருத்தனையை அவிழ்த்துவிட அந்தக் காலத்தில் ஒருவரால் முடியும், ஆசாரியன் பினெகாஸால். யெப்தா, "நான் இஸ்ரவேலின் தலைவன், நான் போய் அவன் வாசலில் நிற்பதா?" என்றானாம். பினெகாஸ், "நான் பிரதான ஆசாரியன், தேவை அவனுக்கு, அந்தப் படிக்காதவனைத் தேடி நான் போவதா?" என்றானாம். மருத்துவச்சிக்கும் பெற்றவளுக்கும் நடுவில் பிள்ளை போனதுபோல, இரண்டு பேருக்கும் நடுவில் பெண் போய்விட்டாள். பிறகு தலைவனுக்கு உறுப்பு உறுப்பாக உதிர்ந்ததாம். ஆசாரியனை விட்டு ஆவி விலகியதாம். வகுப்பில் எல்லோரும் சிரித்தோம். எவ்வளவு கூர்மையான விளக்கம் பார்!

பரீட்சைக்குப் பின் என்ன என்று என்னை யோசிக்கச் சொல்கிறாய். நேரில் வர மனம் இல்லாமல் இல்லை. ஆனால் வாசலை மிதிக்காதே என்று தெருவே கேட்கச் சொன்னவர் அவர். ஒரு வரி, "வா" என்று ஒரே ஒரு வரி அவர் எழுதட்டும். அன்றே பஸ் ஏறுகிறேன்.

நன்றாகப் படி. கணக்கில் கவனம் வை.

ஜெயவேல்


சேவூர்,
28-2-1982

அண்ணா,

நீ அனுப்பிய கதையைப் படித்துவிட்டு எனக்குச் சிரிப்பு வரவில்லை.

அந்தப் பினெகாஸ் நீதான். எழுதும்போது உனக்குத் தெரியவில்லையா? நிஜமாகவே தெரியவில்லையா?

கோபித்துக்கொள்ளாதே. உன்னைவிட்டால் எனக்கு யாரும் இல்லை, அதனால்தான் எழுதுகிறேன். நேற்று அத்தை நைனாவிடம் உன்னைப் பற்றிப் பேசினாள். நான் பானை கழுவுகிற மாதிரி வெளியே நின்று கேட்டேன்.

"பெரிய படிப்பு படிக்கிறவன் இல்ல? நேர்ல வரட்டும். சபைல நின்னு, நைனா இது செல்லாது, இங்க பாருன்னு வேதத்தத் தொறந்து காட்டட்டும். நான் வுட்டுர்றேன். எனக்கு மட்டும் இன்னா, பொண்ண அனுப்பிட்டு ஒண்டியா கெடக்க ஆசையா?" என்றார் நைனா.

"அப்ப கூப்புடுடா."

"நான் கூப்ட மாட்டேன். நான் பெத்தவன். அவன் வரணும்."

"உங்க ரெண்டு பேரு ரோசத்துல அந்தப் புள்ள சாவுது," என்று சொல்லிவிட்டு அத்தை வெற்றிலையைத் துப்பினாள். அவள் உன் ரபீக்களைப் படித்ததில்லை.

வந்தால் விட்டுவிடுவார், அண்ணா. அவர் வாயால் சொன்னதை நான் என் காதால் கேட்டேன். வாசலை மிதிக்க வேண்டாம், தெருவில் நில். நேராகச் சபைக்கு வந்தாலும் சரி. எந்த ஞாயிற்றுக்கிழமை வேண்டுமானாலும் வா. ஏப்ரல் மூன்றுக்கு முன்னால் வா.

தேவகி


பெங்களூர்,
17-3-1982

அன்புள்ள தேவகி,

நீ எழுதியது என்னைச் சுட்டது. சுடட்டும். வருகிறேன்.

ஏப்ரல் இரண்டாம் தேதி என் எபிரெயப் பரீட்சை. அதை விட்டால் ஒரு வருஷம் போய்விடும், திருச்சபை கொடுக்கும் உதவியும் நின்றுவிடும். அன்று மாலையே பஸ் ஏறினால் மூன்றாம் தேதி காலை ஆரணியில் இருப்பேன். உன் தவணையும் அன்றுதானே முடிகிறது? சரியாக இருக்கும்.

அதற்குள் நைனாவின் மனம் பக்குவப்படட்டும் என்று நேற்றே அவருக்கு ஒரு கார்டு போட்டேன். பொருத்தனை ஏன் செல்லாது என்று சுருக்கமாக, வசன ஆதாரத்தோடு எழுதியிருக்கிறேன். மரியாதையாகத்தான் எழுதியிருக்கிறேன். படித்தால் யோசிப்பார்.

தைரியமாகப் பரீட்சை எழுது.

ஜெயவேல்


பெங்களூர்,
14-4-1982

அன்புள்ள தேவகி,

இதைத் தேசூர் முகவரிக்கே எழுதுகிறேன். உன் கையில் சேரும் என்று நம்புகிறேன்.

சொன்னபடி மூன்றாம் தேதி காலை சேவூருக்கு வந்தேன். வீடு பூட்டிக் கிடந்தது. நீ முந்தின ஞாயிற்றுக்கிழமையே ஜெபவீட்டுக்குப் போய்விட்டாய் என்று அத்தை சொன்னாள். வேறு எதுவும் அவள் என்னிடம் பேசவில்லை. சேத்துப்பட்டில் பஸ் மாறி உடனே தேசூர் வந்தேன். போதகர் மரியாதையாகவே நடத்தினார். காபி கொடுத்தார்கள். நீ உபவாசத்தில் இருப்பதாகவும், நாற்பது நாள் யாரையும் பார்க்கக் கூடாது என்றும் சொன்னார்கள். நைனாவும் அங்கே இருந்தார். என்னைப் பார்த்துவிட்டு உள்ளே எழுந்துபோனார்.

யாரும் உன்னைக் கட்டாயப்படுத்தவில்லை என்று போதகர் சொன்னார். சபை முன்னால் மூன்றுமுறை கேட்டார்களாம். மூன்றாம் முறை நீயே எழுந்து நின்று சம்மதம் என்று சொன்னாயாம். அங்கே இருந்த எல்லோரும் அதையே சொன்னார்கள். சம்மதம் சொல்லப் போகிறாய் என்று நீ எனக்கு ஒரு வார்த்தை எழுதியிருக்கலாம். நீயே மனமுவந்து போயிருந்தால் அண்ணன் என்ற முறையில் நான் எதைத் தடுக்க முடியும்? ஒருவேளை அது உனக்குக் கிடைத்த அழைப்பாகவும் இருக்கலாம். அதை மதிக்க வேண்டும் என்று என்னை நானே சமாதானப்படுத்திக்கொள்கிறேன். முடியவில்லை.

இன்னொன்றும் சொல்ல வேண்டும். பரீட்சையில் யெப்தாவின் மகளைப் பற்றியே கேள்வி வந்தது. யூத, கிறிஸ்தவ விளக்கங்களை ஒப்பிடச் சொன்னார்கள். நிறைய எழுதினேன். வகுப்பிலேயே சிறந்த விடை என்று ஆசிரியர் வாசித்துக் காட்டினார். நான் பாதியில் எழுந்து வெளியே போய்விட்டேன்.

நீ நன்றாக இருக்கிறாய் என்று ஒரு வரி எழுது.

ஜெயவேல்


தேசூர்,
2-5-1982

அண்ணா,

உன் கடிதத்தை என் கையில் தரவில்லை. இங்கே வருகிற கடிதங்களைப் போதகர் சபையில் வாசிப்பார். அழைப்பு, மதிக்க வேண்டும் என்ற இடத்தில் நிறுத்தி, "சகோதரனே ஏற்றுக்கொண்டார்," என்றார். எல்லோரும் ஆமென் சொன்னார்கள். மிச்சத்தை அவர் வாசிக்கவில்லை. குப்பையில் கிடந்ததை எடுத்து இன்றைக்குத்தான் படித்தேன்.

நடந்ததைச் சொல்கிறேன்.

உன் கார்டு வீட்டுக்கு வரவில்லை. தறி முதலாளி வீட்டில் நைனா கூலிக்கு நெய்துகொண்டிருந்தபோது தபால்காரர் அங்கேயே கொண்டுபோய்விட்டார். கார்டு அல்லவா, முதலாளி வாங்கி எல்லோருக்கும் கேட்கும்படி படித்தாராம். "இன்னா சடையா, அப்பன் பொருத்தன செல்லாதாம், புள்ள தீர்ப்பு எழுதிக்கிறான். இனிமே உனக்கு அவன்தான் நைனா," என்றாராம். மற்ற தறிக்காரர்கள் சிரித்தார்களாம். நைனா தறியைவிட்டு அப்படியே எழுந்து தேசூருக்குப் போய்விட்டார். தவணை கொடுத்ததே சாத்தானுக்கு இடம் கொடுத்தது என்று போதகர் சொல்லியிருக்கிறார்.

அதற்குள் தமிழ், ஆங்கிலப் பரீட்சைகள் எழுதியிருந்தேன். திங்கட்கிழமை கணக்கு. ஞாயிறு ஆராதனைக்கு மட்டும் வந்துவிட்டுப் போகலாம் என்று நைனா அழைத்துவந்தார். கணக்குப் புத்தகத்தைப் பையில் வைத்துக்கொண்டு வந்தேன். பஸ்ஸில் படிக்கலாம் என்று.

சபையில் என்னை முன்னால் நிறுத்தினார்கள். சம்மதமா என்று போதகர் கேட்டார். நான் பேசவில்லை. இரண்டாம் தரம் கேட்டார். பேசவில்லை. நீ வர இன்னும் ஆறு நாள் இருந்தது, அதுவரை வாயைத் திறக்காமல் இருந்துவிடலாம் என்று நினைத்தேன். அப்போது நைனாவுக்கு இருமல் வந்தது. அந்தப் பழைய இருமல். துண்டை வாயில் அழுத்திக்கொண்டு குனிந்தார், நிமிரவில்லை. "பாருங்க, கொடுத்த சுகத்த ஆண்டவர் திருப்பி எடுக்கிறார்," என்று பின்னாலிருந்து யாரோ சத்தம் போட்டார்கள். எல்லோரும் என்னைத்தான் பார்த்தார்கள். பெண்கள் அழ ஆரம்பித்தார்கள். நைனா தலையைத் தூக்கி என்னைப் பார்த்தார். கண்ணெல்லாம் தண்ணீர். அவர் என்னைக் கெஞ்சினாரா, மன்னிப்புக் கேட்டாரா, எனக்குத் தெரியவில்லை.

மூன்றாம் தரம் கேட்டபோது சம்மதம் என்று சொன்னேன். உடனே இருமல் நிற்கவில்லை. ஆனால் மற்றவர்கள் கத்துவது நின்றது.

அந்த அதிகாரத்தை நான் இப்போதும் படிக்கிறேன். இங்கே வேறு புத்தகம் கிடையாது. தகப்பன் துணியைக் கிழித்துக்கொண்டு, என்னைக் கலங்கப் பண்ணிவிட்டாயே மகளே என்று அழுகிறான். மகள், நீர் சொன்னபடியே எனக்குச் செய்யும் என்கிறாள். அவ்வளவு கீழ்ப்படிதல் என்று போதகர் ஞாயிறுதோறும் புகழ்கிறார். அழுகிற தகப்பன் எதிரே நிற்கிறான், ஊர் முழுவதும் தம்புருவோடு சுற்றி நிற்கிறது. அவள் வேறு என்ன சொல்ல முடியும்?

நீ வந்த அன்று எனக்கு உபவாசம் இல்லை. பின்கட்டில் இருந்தேன். உன் குரல் கேட்டது. நீ மெதுவாகப் பேசிக்கொண்டிருந்தாய். தேவகி என்று ஒரு தரம் சத்தமாகக் கூப்பிடுவாய் என்று கதவுக்குப் பக்கத்தில் நின்றேன். பிறகு டம்ளர் வைக்கிற சத்தம் கேட்டது.

உன் மேல் கோபம் இல்லை என்று எழுத நினைத்தேன். அது பொய். இங்கே பொய் நிறையச் சொல்ல வேண்டியிருக்கிறது, உன்னிடமும் சொல்ல வேண்டாம்.

நைனா திரும்பவும் படுத்துவிட்டார். இங்கேதான் ஒரு மூலையில் இருக்கிறார். ஊசிக்குப் போக விடமாட்டேன் என்கிறார்கள், போனால் விசுவாசம் இல்லை என்று ஆகிவிடுமாம். அவருக்கும் நான்தான் கஞ்சி ஊற்றுகிறேன். என் முகத்தைப் பார்க்காமல் குடிக்கிறார்.

இதை, இங்கே பேய் ஓட்டக் கொண்டுவந்த ஒரு அம்மாவின் மகள் சேத்துப்பட்டில் தபாலில் சேர்ப்பதாகச் சொல்லியிருக்கிறாள். அவர்கள் நாளைக்குப் போகிறார்கள். இங்கே பதில் எழுதாதே, எழுதினால் அதையும் வாசித்து ஆமென் சொல்வார்கள்.

ஒன்று மட்டும் கேட்கிறேன். நீ போதகர் ஆவாய். இந்த அதிகாரத்தைப் பற்றி உன்னைப் பிரசங்கம் செய்யச் சொல்வார்கள், உனக்கு இதில்தான் நல்ல மார்க். அவள் செத்தாள் என்று சொல், ஒரு வீட்டில் அடைத்தார்கள் என்று சொல், உன் ரபீக்கள் சொன்ன எதை வேண்டுமானாலும் சொல். அவள் சம்மதித்தாள் என்று மட்டும் சொல்லாதே.

தேவகி